அசையா என்னும் சொல்

அய்யா உண்டு.

ஒருவரைப் பற்றி ஊரார் சொல்கிறார்கள்: "எவ்வளவு ஆசை காட்டியும் அவர் மனம் அசையவில்லை." இது புகழ்ச்சி. இன்னொருவரைப் பற்றி அதே ஊரார் சொல்கிறார்கள்: "அந்தத் தாய் அவ்வளவு அழுதும் அவர் மனம் அசையவில்லை." இது பழி. இரண்டு பேச்சிலும் சொல் ஒன்றுதான். முன்னவர் பெரியவர் ஆனதும் அசையாததால்தான். பின்னவர் கல்நெஞ்சர் ஆனதும் அசையாததால்தான்.

அப்படியானால் அசையாமை நல்லதா, கெட்டதா? அசையாத பக்தி வேண்டும், அசையாத நம்பிக்கை வேண்டும் என்று பதியிலும் தாங்கலிலும் அன்றாடம் வேண்டிக்கொள்ளும் அன்புக்கொடி மக்களுக்கு இது வீண் கேள்வி ஆகாது. எந்த அசையாமையை அய்யாவிடம் கேட்பது, எந்த அசையாமையை உதறித் தள்ளுவது என்று தெரியாவிட்டால், கேட்டது ஒன்றாகவும் பெற்றது வேறாகவும் போய்விடும்.

சொல்லின் இலக்கணம்

'அசையாத' என்ற சொல்லில் கடைசி எழுத்து குறைந்து 'அசையா' என்று நிற்கிறது. இதை ஈறுகெட்ட எதிர்மறைப் பெயரெச்சம் என்று இலக்கணம் சொல்லும். ஓடாக் குதிரை, பொய்யா மொழி, வாடா மலர் எல்லாம் இந்த வகை.

இந்த வகைச் சொல்லுக்குக் காலம் கிடையாது. அசைந்த மரம் என்றால் நேற்று அசைந்தது. அசைகிற மரம் என்றால் இப்போது அசைகிறது. அசையா மரம் என்றாலோ நேற்றும் அசையவில்லை, இன்றும் அசையவில்லை, நாளையும் அசையாது என்று மூன்று காலத்துக்கும் அந்த ஒரு சொல்லே பொறுப்பேற்கிறது. ஆகவே ஒன்றை 'அசையா' என்று சொல்வது கண்ணால் கண்டதை மட்டும் சொல்வதாகாது. வரப்போகும் நாளுக்கும் சேர்த்து வாக்குக் கொடுப்பதாகும்.

'அசைவற்ற' என்பதற்கும் 'அசையா' என்பதற்கும் இங்கேதான் வேறுபாடு. காற்று நின்றால் இலை அசைவற்று இருக்கும். மறுபடி காற்று வந்தால் அசையும். அசைவற்றது என்பது இந்த நேரத்து நிலைமை. அசையா என்பது அந்தப் பொருளின் குணம். கண்ணை மூடி உட்கார்ந்திருப்பவர் அரைமணி நேரம் அசைவற்று இருக்கலாம். எழுந்து போய் வரப்பை அரை அடி தள்ளி வெட்டினால், அவர் அசையா மனத்தர் ஆகமாட்டார்.

சட்டம் என்ன சொல்கிறது

இந்தச் சொல்லை மக்கள் அதிகம் பார்ப்பது பத்திரத்தில்தான். நிலம், வீடு, கிணறு எல்லாம் அசையாச் சொத்து. நகை, மாடு, பாத்திரம் எல்லாம் அசையும் சொத்து. இந்தப் பிரிவினைக்கு உள்ளே நுழைந்து பார்த்தால் ஒரு நல்ல பாடம் இருக்கிறது.

1897ஆம் ஆண்டின் பொதுப் பிரிவுகள் சட்டம், நிலமும், நிலத்திலிருந்து வரும் பலன்களும், மண்ணோடு பிணைந்து நிற்பவையும் அசையாச் சொத்து என்கிறது. மண்ணோடு பிணைந்தது என்றால் என்ன என்பதை 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம் விரித்துச் சொல்கிறது: மரம் செடிபோல வேர்விட்டு நிற்பது, சுவர் கட்டடம்போல மண்ணில் பதிந்து நிற்பது, அப்படிப் பதிந்ததன் நிரந்தரப் பயனுக்காக அதோடு சேர்த்துப் பொருத்தப்பட்டது. ஆனால் அதே சட்டம், வெட்டுமரத்தையும் நிற்கும் பயிரையும் புல்லையும் அசையாச் சொத்தில் சேர்ப்பதில்லை.

இங்கே ஒரு சிக்கல் வருகிறது. தோட்டத்தில் ஒரு வேம்பு நிற்கிறது. அது மரமா, வெட்டுமரமா? மரம் என்றால் அசையாச் சொத்து. வெட்டுமரம் என்றால் அசையும் சொத்து. பார்வைக்கு இரண்டும் ஒன்றுதான். இரண்டுக்கும் வேர் மண்ணில்தான் இருக்கிறது. 1958இல் இந்த வகை வழக்கு ஒன்று உச்ச நீதிமன்றத்தின் முன் வந்தபோது, நீதியரசர் விவியன் போஸ் தம் தீர்ப்பில் இதை விளக்கினார். அந்த மரம் தொடர்ந்து மண்ணின் சத்தை உண்டு வளரவேண்டும் என்பது எண்ணமானால் அது அசையாச் சொத்து. விரைவில் வெட்டி எடுத்துக்கொள்வது எண்ணமானால், அது மண்ணில் நின்றுகொண்டிருக்கும்போதே அசையும் சொத்து.

மரம் அசைந்ததா என்று சட்டம் அளந்து பார்க்கவில்லை. மரத்தைச் சுற்றி நிற்கும் எண்ணம் என்ன என்று பார்க்கிறது. கோடரி படுவதற்கு முன்பே, மனத்தில் வெட்டிவிட்ட மரம் அசையும் பொருளாகிவிடுகிறது. பக்திக்கும் இதே அளவுகோல்தான். உடல் தாங்கலில் நிற்கிறது. காலையும் மாலையும் பணிவிடை நடக்கிறது. நெற்றியில் நாமம் துலங்குகிறது. ஆனால் எண்ணத்தில், காரியம் கைகூடினால் வருவது, கைகூடாவிட்டால் வேறு இடம் பார்ப்பது என்று முடிவாகியிருந்தால், அது மண்ணில் நிற்கும் வெட்டுமரம். வேர் இருக்கிறது, ஆனால் நிலைக்கும் எண்ணம் இல்லை.

இன்னொன்றும் உண்டு. அசையாச் சொத்து என்று எழுதுகிற அதே பத்திரத்தில்தான் அந்தச் சொத்து ஒருவர் கையிலிருந்து இன்னொருவர் கைக்கு மாறுகிறது. நூறு ரூபாயும் அதற்கு மேலும் மதிப்புள்ள அசையாச் சொத்தைக் கைமாற்றினால் பதிவு செய்தாக வேண்டும் என்று 1908ஆம் ஆண்டின் பதிவுச் சட்டம் கட்டாயமாக்கியது. நிலம் இருந்த இடத்திலேயே இருக்கிறது. 'என்னுடையது' என்று சொன்னவர்கள்தான் ஒருவர்பின் ஒருவராக அதன் மேல் நடந்து போய்க்கொண்டிருக்கிறார்கள். அசையும் மனிதன் அசையா நிலத்துக்காகக் கூடப்பிறந்தவனோடு பேச்சை நிறுத்துகிறான். பாகப்பிரிவினையில் ஒரு முழம் மண்ணுக்காக அண்ணன் தம்பி முகம் பாராமல் போன வீடுகள் எந்த ஊரிலும் உண்டு. அங்கே மண் அசையவில்லை. அசையாமல் காக்க வேண்டிய பாசம் அசைந்துவிட்டது.

படகில் இருப்பவன் கண்ணுக்கு

வானநூல் வல்லவரான ஆரியபடர் கி.பி. 499இல் இயற்றிய ஆரியபடீயத்தில் 'அசலம்' என்ற சொல்லை எடுத்தாண்டார். அசலம் என்றால் அசையாதது. அதனால்தான் மலைக்கு அது பெயராகி, அருணாசலம், வேங்கடாசலம் என்றெல்லாம் வழங்குகிறது. படகில் போகிறவனுக்குக் கரையில் அசையாது நிற்பவை எல்லாம் பின்னோக்கி ஓடுவதாகத் தோன்றும். அசையாத விண்மீன்கள் மேற்கே போவதாகத் தோன்றுவதும் அப்படித்தான் என்பது அவர் தந்த விளக்கம். ஓடுவது பூமி. பூமியில் இருப்பவன் அதை உணராமல், வானம் ஓடுகிறது என்கிறான்.

குமரி மண்ணில் சிலைபோல அமர்ந்திருப்பவரும் பூமியின் சுழற்சியோடு மணிக்குச் சுமார் 1,650 கிலோமீட்டர் வேகத்தில் கிழக்கே போய்க்கொண்டிருக்கிறார். பூமியோ சூரியனைச் சுற்றி வினாடிக்குச் சுமார் 30 கிலோமீட்டர் ஓடுகிறது. ஆகவே 'அசையவில்லை' என்று யார் சொன்னாலும், எதை வைத்துப் பார்த்து அசையவில்லை என்று அடுத்த கேள்வி வந்தே தீரும். அடையாளக் கல் ஒன்று இல்லாமல் அசைவையும் சொல்ல முடியாது, அசையாமையையும் சொல்ல முடியாது.

குடும்பச் சண்டையில் இருவரும் சொல்வது ஒன்றுதான்: "நான் அப்படியேதான் இருக்கிறேன், அவன்தான் மாறிவிட்டான்." இது படகில் இருப்பவன் பேச்சு. ஆசை என்னும் நீரோட்டம் தன்னை இழுத்துப் போவது அவனுக்குத் தெரிவதில்லை. கரையில் நிற்கும் அண்ணன் விலகிப் போவதாகவும், ஊர் விலகிப் போவதாகவும், கடைசியில் அய்யாவே விலகிப் போய்விட்டதாகவும் தோன்றுகிறது.

அய்யாவின் பதிகளில் பள்ளியறையில் கண்ணாடி வைத்திருக்கிறது. முன்னே நிற்பவருக்கு அவர் முகமே அங்கே தெரிகிறது. இறைவன் உனக்குள்ளே இருக்கிறான் என்பது அதன் பெரும்பொருள். இந்தக் கேள்விக்கும் அதில் ஒரு விடை இருக்கிறது. ஊர் மாறிவிட்டது, உறவு மாறிவிட்டது என்று குறை சொல்லிக்கொண்டு வந்தவர், அங்கே ஊரையோ உறவையோ பார்ப்பதில்லை. தன்னைத்தான் பார்க்கிறார். நகர்ந்தது யார் என்று அளந்து பார்க்க அதைவிட நல்ல இடம் இல்லை.

அசையவிடாமல் வைத்தது

அசையாமை இரண்டு வகையில் வரும். ஒருவர் தாமே உறுதியோடு அசையாமல் நிற்பது ஒன்று. மற்றவர்கள் அவரை அசையவிடாமல் வைப்பது இன்னொன்று. 'அசையா' என்ற சொல்லில் இது வெளியே தெரிவதில்லை. அசையாக் கால் என்றால் அது ஊன்றிய காலாகவும் இருக்கலாம், விலங்கிட்ட காலாகவும் இருக்கலாம்.

தென் திருவிதாங்கூரில் அய்யா அவதரித்த காலத்தில் சான்றோர் முதலான மக்கள் இருந்த நிலை இரண்டாவது வகை. தலைக்கு வரி கட்ட வேண்டும். கூலியில்லாத ஊழிய வேலைக்குக் கூப்பிட்டபோதெல்லாம் போக வேண்டும். பனை ஏறி இறங்கியும் சுமை சுமந்தும் உடம்பு ஓயாமல் அசைந்தது. ஆனால் வாழ்க்கை இருந்த இடத்தைவிட்டு ஓர் அடி அசைய வழியில்லை. பெண்கள் மார்பை மறைத்து உடுத்தும் உரிமைக்காகப் பல ஆண்டுகள் அடிபட்டுப் போராடி, 1859இல்தான் அரசின் அறிவிப்பு வந்தது. ஆலய வாசல் திறக்க 1936 நவம்பர் 12 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

அப்படி வைத்தவர்கள் இதற்கு நல்ல பெயர்தான் வைத்திருந்தார்கள். வழக்கம் என்றார்கள், முறை என்றார்கள், அவரவர் நிலையில் அசையாமல் இருப்பதே ஒழுங்கு என்றார்கள். அய்யா அந்தப் பொய்யை உடைத்தார். தலையில் துணி கட்டக்கூடாது என்று ஒடுக்கப்பட்ட ஆண்மக்களைத் தலைப்பாகை கட்டி வந்து வணங்கச் சொன்னார். முந்திரிக்கிணற்றில் சாதி பேதமின்றி எல்லாரும் ஒன்றாக நீர் எடுக்க வைத்தார். துவையல் தவசுக்கு மக்களைக் கடற்கரைக்கு அழைத்து, குளித்துத் துவைத்து ஒன்றாக உண்டு வாழும் ஒழுங்கைப் பழக்கினார். அசையவிடாமல் வைக்கப்பட்டிருந்த ஒரு கூட்டத்தை அசைத்ததுதான் அய்யாவின் முதல் வேலை.

ஆகவே அடுத்தவர் துன்பத்தைப் பார்த்து, "அது அவர் விதி, அசையாமல் பொறுத்திருக்கட்டும்" என்று சொல்லும் உரிமை அய்யாவின் பிள்ளைகளுக்குக் கிடையாது. பொறுமை என்பது தனக்குத் தானே எடுத்துக்கொள்வது. இன்னொருவர் தலையில் அதைச் சுமத்தினால் அது ஊழியம் ஆகிவிடும்.

அய்யா அசையாத இடம்

இத்தனையையும் அசைத்த அய்யா எங்கே அசையாமல் நின்றார்?

பூவண்டன்தோப்பில், இன்றைய சாமிதோப்பில், அய்யா மூன்று நிலையாகத் தவசிருந்தார். முதல் இரண்டு ஆண்டுகள் ஆறடி ஆழக் குழியில். அடுத்த இரண்டு ஆண்டுகள் சமநிலத்தில். பின் இரண்டு ஆண்டுகள் உயர்ந்த பீடத்தில். குழியிலிருந்து தரைக்கும், தரையிலிருந்து மேட்டுக்கும் தவசின் இடம் உயர்ந்தது. தவசின் நோக்கம் மட்டும் மாறவில்லை. உடம்பை மரக்கட்டை ஆக்குவது தவசானால், குழியிலேயே அது முடிந்திருக்கும். பள்ளத்தில் கிடந்தவர்கள் சமநிலத்துக்கு வரவேண்டும், அங்கிருந்து உயரவேண்டும் என்ற வழியும் அந்த மூன்று நிலைகளில் தெரிகிறது.

பின்னர் அரசன் ஆணையால் சேவகர் வந்தனர். எதிர்த்து நிற்க முனைந்த மக்களை அய்யா பொறுக்கச் சொன்னார். திருவனந்தபுரம் சிங்காரத்தோப்பில் சிறை வைக்கப்பட்டார். சோதனைகள் பல நடந்தன. கடைசியில் விடுதலைக்கு ஒரு வழி சொன்னார்கள்: தன் சாதி மக்களோடு மட்டும் இருந்துகொள்வதாக எழுதிக் கொடுத்தால் போதும். அய்யா அந்த ஓலைக்கு உடன்படவில்லை. எல்லாச் சாதியையும் ஒன்றாக்க வந்தவர் ஒரு சாதிக்குள் அடைந்துகொள்ள மறுத்தார்.

சிறையில் இருப்பவர் உடம்பு அசையவிடாமல் வைக்கப்பட்ட உடம்பு. அந்த உடம்புக்குள்ளே தானாக அசையாமல் நின்ற ஒன்று இருந்தது. இரண்டு வகை அசையாமையும் ஒரே இடத்தில் எதிர் எதிரே நின்றன. அன்று ஒரு கையெழுத்தை அய்யா இட்டிருந்தால் கால் விடுதலையாகியிருக்கும், வழி சிறைப்பட்டிருக்கும். தன் சாதியாரின் துன்பத்தைப் பார்த்து அசைந்த மனம், மற்றச் சாதியாரை விட்டுவிடும் பேரத்துக்கு அசையவில்லை.

முதலில் கேட்ட கேள்விக்கு இதில் விடை கிடைக்கிறது. ஆசையும் அச்சமும் தள்ளும்போது அசையாதது உறுதி. அழுகையும் பசியும் கூப்பிடும்போது அசையாதது கல். எதற்கு அசையவில்லை என்று கேட்டால் போதும்; புகழ்ச்சி எது, பழி எது என்று பிரிந்துவிடும். இந்த இரண்டும் ஒரே மனத்தில் சேர்ந்திருக்க வேண்டும் என்பதுதான் கடினம். பயத்துக்கு அசையாதவர் பலர் பரிவுக்கும் அசைவதில்லை. பரிவுக்கு உடனே அசைகிறவர் பலர் ஆசைக்கும் உடனே அசைந்துவிடுகிறார்கள். உறுதியையும் இரக்கத்தையும் ஒன்றாக வைத்திருப்பவரே அய்யாவின் வழியில் நடப்பவர்.

தேரின் நிலை

சாமிதோப்புத் திருநாளில் பதினோராம் நாள் தேர் ஓடுகிறது. வடம் பிடித்தவர்களுக்குத் தெரியும்: ஓடுகிற தேரை இழுப்பதைவிட, நிற்கிற தேரை முதன்முதல் நகர்த்துவதுதான் பெரும்பாடு. நிற்கும் பொருளின் உராய்வு ஓடும் பொருளின் உராய்வைவிடப் பெரிது என்று அறிவியல் நூல் சொல்கிறது. முதல் இழுப்புக்கு நூறு கை வேண்டியிருக்கும். நகர்ந்துவிட்டால் பிறகு இலகு. தருமமும் அப்படித்தான். முதல் பிடி அரிசியை எடுத்துக் கொடுக்கும்போதுதான் கை கனக்கும். பிணங்கிய வீட்டு வாசற்படியில் முதல் அடி வைக்கும்போதுதான் கால் கனக்கும்.

உருளும் சக்கரத்தில் இன்னொரு உண்மை உண்டு. சக்கரம் வழுக்காமல் உருளும்போது, அதன் அடியில் தரையைத் தொட்டிருக்கும் புள்ளி அந்தக் கணத்தில் தரையைப் பொறுத்தவரை அசைவதில்லை. அந்தப் புள்ளி பிடித்து நிற்பதால்தான் சக்கரம் வழுக்காமல் முன்னே போகிறது. சேற்றில் அந்தப் பிடி கிடைக்காத வண்டிச் சக்கரம் வேகமாகச் சுற்றும். வண்டி மட்டும் இருந்த இடத்திலேயே இருக்கும். பிடிப்பு இல்லாத சுறுசுறுப்பு அந்தச் சக்கரத்தைப் போன்றது. நாலு ஊர் ஓடுவதும், பத்துப் பேரைக் கூட்டுவதும், மேடை ஏறுவதும் இருக்கும். ஒருவர் வாழ்வும் ஓர் அடி முன்னே போயிருக்காது.

தேர் வீதி சுற்றி வந்து சேரும் இடத்துக்கும் தமிழில் 'நிலை' என்றே பெயர். நிலையிலிருந்து புறப்பட்டு நிலைக்கே வருகிறது. புறப்படாத தேரை நிலையில் நிற்கிறது என்று யாரும் கொண்டாடுவதில்லை; திரும்பி வராத தேரை நல்ல ஓட்டம் என்றும் சொல்வதில்லை. காலையில் அய்யாவை நினைத்து வீட்டைவிட்டுப் புறப்படும் ஒருவர், வயலிலும் கடையிலும் அலுவலகத்திலும் பகலெல்லாம் அசைந்து, ஒரு பொய்க்கும் ஒரு வஞ்சத்துக்கும் இடம் கொடாமல், கண்ட ஒரு துன்பத்துக்காவது கை நீட்டிவிட்டு, மாலையில் அதே மனத்தோடு தாங்கலில் விளக்கின் முன் வந்து நின்றால், அவருடைய தேர் நிலைக்கு வந்தது. அவரைப் பார்த்து அசையா பக்தி உடையவர் என்று சொல்லலாம். அந்தச் சொல் அவர் விஷயத்தில் மூன்று காலத்துக்கும் பொய்க்காது.

அய்யா உண்டு.